சொல்லற்ற சாட்சி – 9: மணிகளிலிருந்து முகங்களுக்கு

வரலாற்றுத் தொடர்

சென்ற வாரம் 1952-இல் நின்றோம். கனடா தேசியத் திரைப்பட வாரியத்தில் நார்மன் மெக்லாரன் எடுத்த 'நெய்பர்ஸ்' படம். அடுத்தடுத்த வீட்டுக்காரர்கள் இருவர். எல்லைக்கோட்டில் ஒரு பூ முளைக்கிறது. அது யாருக்கு என்பதில் சண்டை மூள்கிறது. வேலிக்கம்பைப் பிடுங்கி அடித்துக்கொள்கிறார்கள். கடைசியில் இருவருமே பிணம். எட்டு நிமிடப் படத்தில் ஒருவர் வாயிலிருந்தும் ஒரு வார்த்தை வரவில்லை.

படத்துக்கு ஆஸ்கர் விருது கிடைத்தது. ஆனாலும் அமெரிக்காவில் காட்டியபோது, மனைவியும் குழந்தையும் கொல்லப்படும் பகுதியை வெட்டிவிட்டார்கள். வியட்நாம் போர் அந்நாட்டு மக்களின் மனசாட்சியை உலுக்கிய பிறகுதான் அந்தக் காட்சி மறுபடி சேர்ந்தது.

அதற்கு முந்தைய பகுதியில் ராஜாஜியைப் பார்த்தோம். 1962-இல், 83 வயதில், காந்தி அமைதி நிறுவனத்தின் தூதுக்குழுவோடு வாஷிங்டன் சென்று, அணுகுண்டுச் சோதனைகளை நிறுத்தும்படி அதிபர் கென்னடியிடம் வாதாடினார். மறு ஆண்டே பகுதித் தடை ஒப்பந்தம் வந்தது. கையெழுத்திட்ட நாடுகளின் வெடிப்புகள் வானத்தை விட்டு நிலத்துக்கு அடியில் இறங்கின. நிற்கவில்லை.

இந்த வாரக் கதை அந்த நிலத்தடியில் தொடங்குகிறது.

● ● ●

காலை 8.05

1974 மே 18, சனிக்கிழமை. ராஜஸ்தானின் பொக்ரான் பாலைவனம்.

107 மீட்டர் ஆழத்தில் புதைத்து வைத்த குண்டு காலை 8.05-க்கு வெடித்தது. மணல்மேடு எழும்பித் தாழ்ந்தது. அணுகுண்டு வெடித்த ஆறாவது நாடானது இந்தியா. 'அமைதிக்கான அணு வெடிப்பு' என்று டெல்லி அறிவித்தது.

அந்தச் செய்தி அதிகமாகச் சுட்டது ஒட்டாவாவை.

காரணம் இருந்தது. மும்பைக்கு அருகே டிராம்பேயில் இருந்த 'சைரஸ்' ஆராய்ச்சி உலை, கொழும்புத் திட்டத்தின் கீழ் கனடா கொடுத்தது. 1956-இல் ஒப்பந்தம், 1960-இல் இயக்கம். பொக்ரானில் வெடித்த புளூட்டோனியம் அந்த உலையில் எரிந்த எரிபொருளிலிருந்துதான் பிரித்தெடுக்கப்பட்டது.

உலையை அமைதிப் பணிகளுக்கு மட்டுமே பயன்படுத்த வேண்டும் என்று ஒப்பந்தம் சொன்னது. கனடா அந்த வரியைக் காட்டி, 'வாக்கு மீறிவிட்டீர்கள்' என்றது. இந்தியாவும் அதே வரியைக் காட்டி, 'எங்கள் வெடிப்பும் அமைதிக்கானதே' என்றது. குண்டுக்கும் அமைதி என்று பெயர் வைக்க முடியுமென்றால், எழுதிய சொல்லை நம்பி யார் எதைக் காப்பாற்றுவது?

சில நாட்களிலேயே கனடா அணுசக்தி உதவியை நிறுத்தி வைத்தது. 1976 மே மாதம் உறவை அடியோடு முறித்தது. ராஜஸ்தானில் கட்டிக்கொண்டிருந்த இரண்டாவது மின் உலையை இந்தியப் பொறியாளர்கள் தாங்களே முடிக்க வேண்டியதாயிற்று. நம் சோழமண்டலக் கரையில் கல்பாக்கத்தின் முதல் உலை, கனடாவின் வடிவமைப்பைப் பின்பற்றி, ஆனால் அவர்கள் கைபடாமல், 1983 ஜூலையில் உயிர்பெற்றது.

இந்தியாவும் கனடாவும் ஒரு குண்டின் பொருட்டு முகம் திருப்பிக்கொண்டிருந்த அந்த ஆண்டுகளில், மான்ட்ரியாலில் ஒரு கேமராவுக்குக் கீழே ஓர் இந்தியர் குனிந்து உட்கார்ந்திருந்தார். அவர் கையில் பாசிமணிகள்.

● ● ●

குஜராத்திலிருந்து வந்தவர்

ஈஷு படேல் 1942-இல் பிறந்தவர். பரோடாவில் நுண்கலை பயின்றார். அகமதாபாத்தில் 1961-இல் தொடங்கிய தேசிய வடிவமைப்பு நிறுவனத்தின் ஆரம்பகால மாணவர்களில் ஒருவரானார். மேற்படிப்புக்கு சுவிட்சர்லாந்தின் பாசெல் நகருக்குச் சென்றார்.

1970-இல் ராக்ஃபெல்லர் அறக்கட்டளையின் உதவித்தொகையில் கனடா தேசியத் திரைப்பட வாரியத்துக்குப் போனார். 1972 முதல் அங்கேயே பணி.

அந்த வாரியத்தின் அனிமேஷன் பிரிவை உருவாக்கியவர் நம் கதையின் மெக்லாரன்தான். யுனெஸ்கோ பணிக்காக சீனாவிலும் பிறகு இந்தியாவிலும் வாழ்ந்தவர். எழுதப் படிக்கத் தெரியாத கிராமத்து மக்களுக்குப் படத்தாலேயே செய்தி சொல்லும் முறையைக் கற்றுக்கொடுத்தவர். அவர் வளர்த்த பட்டறையில், ஆங்கிலமும் பிரெஞ்சும் பேசும் இரட்டை மொழி நாட்டில், வசனமில்லாத படத்துக்கு இயல்பாகவே ஓர் இடம் இருந்தது. மொழிபெயர்க்க வேண்டாம், எந்த ஊரிலும் ஓட்டலாம்.

படேல் 1975-இல் 'பெர்ஸ்பெக்ட்ரம்' என்ற படம் செய்தார். ஜப்பானியக் கோட்டோ இசைக்கு வண்ண வடிவங்கள் விரிந்து சுருங்கும். கண்ணுக்கு விருந்து. ஆனால் அது சண்டையைப் பற்றியது அல்ல, சாவைப் பற்றியதும் அல்ல.

அடுத்து அவர் கைக்கு வந்தவை மணிகள்.

கனடாவின் வடகோடியில், பனிநிலத்தில் வாழும் இனுயிட் பெண்கள் தங்கள் உடைகளில் மணி கோத்து உருவங்கள் அமைப்பார்கள். அந்த வேலைப்பாடுதான் படேலின் கற்பனையைத் தூண்டியது. மணிவேலை அவர் பிறந்த குஜராத்துக்கும் அந்நியமானதில்லை. சௌராஷ்டிரத்து வீடுகளில் தோரணமும் திரைச்சீலையும் மணியால் கோத்தவைதான்.

மணிகளை நூலில் கோக்காமல் கேமராவுக்கு அடியில் பரப்பினார் படேல்.

● ● ●

ஐந்தரை நிமிடம்

வேலை எப்படி நடந்தது என்பதைத் தெரிந்துகொண்டால்தான் அந்தப் படத்தின் கனம் புரியும்.

இருண்ட பின்னணியில் ஆயிரக்கணக்கான மணிகளால் ஓர் உருவம். மேலே கேமரா. ஒரு ஃபிரேம் எடுக்க வேண்டும். பிறகு மணிகளைக் கொஞ்சம் நகர்த்த வேண்டும். மறுபடி ஒரு ஃபிரேம். திரையில் ஒரு நொடி ஓட 24 ஃபிரேம் வேண்டும். ஐந்தரை நிமிடத்துக்குக் கணக்குப் பார்த்தால் ஏறக்குறைய 8,000.

மார்கழியில் வாசல் நிறையப் புள்ளிக்கோலம் போட்டு, உடனே அதில் ஒவ்வொரு புள்ளியையும் நகர்த்தி அடுத்த கோலம் ஆக்குவதாக நினைத்துக்கொள்ளுங்கள். நகர்த்தியபின் பழைய கோலம் இல்லை. நடுவில் கை இடறினால், திருத்தப் பழைய நிலை திரும்ப வராது.

இப்படி உருவானதுதான் 1977-இல் வெளிவந்த 'பீட் கேம்'.

நுண்ணிய உயிரில் தொடங்குகிறது. ஒன்று இன்னொன்றை விழுங்குகிறது. விழுங்கியது வளர்கிறது. அதை விழுங்க அடுத்தது வருகிறது. உயிரினங்கள் ஒன்றுக்குள் ஒன்று கரைந்து, வேறொன்றாக வெடித்து எழுகின்றன. சில நாம் அறிந்த விலங்குகள், சில புராணத்திலிருந்து இறங்கியவை போன்றவை. பின்னணியில் ஜே.பி. கோஷின் இந்தியத் தாள இசை. அடி விழ விழ வேகம் ஏறுகிறது.

பிறகு மனிதன் வருகிறான்.

இதுவரை பசிக்காக விழுங்கியவை இருந்த இடத்தில், பசியில்லாமல் அடிப்பவன் நிற்கிறான். கையிலிருந்த ஆயுதம் பெருத்துக்கொண்டே போகிறது. அந்தப் பாதையின் முடிவில் நிற்பது அணு ஆயுதம்.

படம் எந்த நாட்டையும் பெயர் சொல்லிக் குற்றம் சாட்டவில்லை. அந்தக் காலத்தில் அது சாதாரணக் காரியமல்ல. பிறந்த நாடு குண்டு வெடித்திருக்கிறது. பிழைக்க வந்த நாடு அந்தக் குண்டின் மூலப்பொருளுக்கு உலை கொடுத்திருக்கிறது. பேச்சு என்று வந்திருந்தால் ஏதாவது ஒரு பக்கம் நின்று பேசியிருக்க வேண்டும். மணிகளுக்குப் பக்கம் கிடையாது. செல்லில் தொடங்கிய வன்முறை குண்டில் வந்து முடிகிறது என்ற ஒரே நேர்க்கோட்டை, பார்ப்பவர் தன் கண்ணால் கண்டு தானே முடிவுக்கு வரும்படி விட்டுவிட்டார் படேல்.

என் கணிப்பில் இந்தத் தொடரின் திருப்புமுனை இதுதான். ராஜாஜி ஓர் அதிபரோடு வாதாடினார்; அதிபரிடம் எதிர்வாதம் இருந்தது. 'பீட் கேம்' யாரோடும் வாதாடவில்லை. அதற்கு எதிர்வாதம் சொல்ல இடமே இல்லை.

● ● ●

1978 ஏப்ரல் 3

லாஸ் ஏஞ்சலஸ். ஆஸ்கர் விருதின் ஐம்பதாவது விழா.

சிறந்த அனிமேஷன் குறும்படப் பட்டியலில் 'பீட் கேம்' இருந்தது. அதே வாரியத்திலிருந்து இன்னொரு வசனமற்ற படமும் இருந்தது: மணலில் பிறந்த உயிர்கள் கோட்டை கட்டி மகிழ, காற்று வந்து அதை மூடிவிடும் 'சாண்ட் காசில்'. எடுத்தவர் கோ ஹூடெமன்.

விருது 'சாண்ட் காசி'லுக்குப் போனது.

படேல் நிற்கவில்லை. அடுத்து களிமண்ணை ஒளிமேசையில் தேய்த்து, சாவுக்குப் பிந்திய பயணத்தைச் சொல்லும் 'ஆஃப்டர்லைஃப்' எடுத்தார். 1984-இன் 'பாரடைஸ்' அவரை மறுபடியும் ஆஸ்கர் பட்டியலுக்குக் கொண்டுபோனது.

ஆனால் 'பீட் கேம்' ஒரு வேலையை மிச்சம் வைத்திருந்தது. மணிக்கு முகம் இல்லை. வெடித்துச் சிதறும் மணிக்கு வலிக்காது. அதற்குத் தாய் இல்லை, பள்ளிக்கூடம் இல்லை, அன்று காலை சாப்பிட்டு மிச்சம் வைத்த சோறு இல்லை. குண்டு என்ற எண்ணத்தை அந்தப் படம் காட்டியது. குண்டு விழுந்த ஆளைக் காட்டவில்லை.

அந்த ஆளைக் காட்டும் துணிவு, அதே 1978-இல், உலகின் மறுகோடியில் டோக்கியோவில் பிறந்தது.

அங்கே போவதற்கு முன் ஒரு கேள்விக்குப் பதில் வேண்டும். ஹிரோஷிமாவைக் காட்ட வரையத்தான் வேண்டுமா? அந்த நாளைப் பதிவு செய்த புகைப்படங்கள் இல்லையா?

● ● ●

ஐந்தே ஐந்து

1945 ஆகஸ்ட் 6 அன்றே ஹிரோஷிமா நகருக்குள் நின்று, தரையில் நேர்ந்த அழிவைக் காட்டி எடுத்த புகைப்படங்களாக ஐந்து மட்டுமே இன்று அறியப்படுகின்றன. ஐந்தையும் எடுத்தவர் ஒரே மனிதர்: 'சூகோக்கு ஷிம்புன்' நாளிதழின் புகைப்படக்காரர் யோஷிதோ மாட்சுஷிகே. வயது 32.

குண்டு விழுந்த மையத்திலிருந்து இரண்டு கிலோமீட்டருக்குச் சற்று அதிகமான தொலைவில் மியூக்கி பாலம். தோல் உரிந்து தொங்கிய பிள்ளைகள் அங்கே குவிந்திருந்தார்கள். அவர் கேமராவைத் தூக்கினார். விரலால் பொத்தானை அழுத்த முடியவில்லை. வெகுநேரம் தயங்கி நின்ற பிறகு ஒரு படம் எடுத்தார். பக்கத்தில் போய் இன்னொன்று. கேமராவின் கண்ணாடியைக் கண்ணீர் மறைத்தது என்று பின்னாளில் சொன்னார்.

அதற்குப் பிறகு நகரத்துக்குள் நடந்தார். அங்கே கண்டவற்றை அவரால் படமெடுக்கவே முடியவில்லை.

கேமரா இப்படி நின்றுபோனது. பேச்சை அதிகாரம் நிறுத்தியது. 1945 செப்டம்பரில் அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம் பத்திரிகைக் கட்டுப்பாட்டு விதியைக் கொண்டுவந்தது. குண்டின் கொடுமையைப் பற்றி எழுதுவது ஆண்டுக்கணக்கில் தடைப்பட்டது. ஜப்பானியப் படக்குழு ஹிரோஷிமாவிலும் நாகசாகியிலும் எடுத்த ஆவணப்படத்தை அமெரிக்கர்கள் எடுத்துச்சென்றார்கள். அது ஜப்பானுக்குத் திரும்ப 1967 ஆனது.

எஞ்சியது கை ஒன்றுதான். கையால் வரைவது.

ஓவியத் தம்பதி ஈரி மாருக்கியும் தோஷி மாருக்கியும் 1950 முதல் 'ஹிரோஷிமா ஓவியங்கள்' என்ற பெரும் வரிசையைத் தீட்டத் தொடங்கினார்கள். அவர்கள் தொழில்முறை ஓவியர்கள். அடுத்து வந்தவர் ஓவியரே இல்லை.

● ● ●

ஒரு முதியவரும் ஒரு தாளும்

1974. இந்தியா பொக்ரானில் குண்டு வெடித்த அதே மே மாதம்.

ஹிரோஷிமாவின் என்.எச்.கே. தொலைக்காட்சி நிலையத்துக்கு 77 வயது முதியவர் ஒருவர் வந்தார். பெயர் இவாகிச்சி கோபயாஷி. கையில் ஒரு தாள். அந்த ஆகஸ்ட் நாளில் ஒரு பாலத்தருகே தாம் கண்டதை வரைந்து கொண்டுவந்திருந்தார். கிட்டத்தட்ட முப்பது ஆண்டுகள் உள்ளேயே கிடந்த காட்சி அது.

நிலையத்தார் அதைப் பார்த்துத் திகைத்தார்கள். 'குண்டிலிருந்து பிழைத்தவர்கள் யாராயிருந்தாலும், நினைவில் இருப்பதை வரைந்து அனுப்புங்கள்' என்று ஒளிபரப்பில் வேண்டுகோள் விடுத்தார்கள்.

தபாலில் வந்தன, நேரில் வந்தன. வண்ணப்பென்சிலில், மையில், கையில் கிடைத்த தாளில். 1975-க்குள் இரண்டாயிரத்துக்கும் மேல். பலர் பள்ளிக்கூடத்துக்குப் பிறகு தூரிகையைத் தொட்டதே இல்லை. கை கால் அளவு பொருந்தாது. ஆனால் எந்த நெருப்பு எந்தத் திசையிலிருந்து வந்தது, எந்தக் குழந்தை எந்தத் தொட்டிக்குள் கிடந்தது என்பது துல்லியமாக இருந்தது.

மனித வரலாற்றில் ஒரு பெருங்கொடுமைக்கு ஊர்மக்களே சேர்ந்து வரைந்த சாட்சியம் இவ்வளவு பெரிய அளவில் அதற்கு முன் எழுந்ததாக நான் அறியேன்.

இந்த ஓவியங்கள் அசையாதவை. இவற்றை யார் அசைய வைப்பது?

● ● ●

காகித விமானம்

ரென்ஸோ கினோஷிதா 1936-இல் ஒசாகாவில் பிறந்தவர். மனைவி சாயோக்கோவும் அவரும் டோக்கியோவில் 'ஸ்டுடியோ லோட்டஸ்' நடத்தினார்கள். தொலைக்காட்சி விளம்பரங்கள் அவர்களுடைய பிழைப்பு. நடுநடுவே சொந்தப் படங்கள். 1972-இன் 'மேட் இன் ஜப்பான்' நியூயார்க் விழாவில் பெரும்பரிசு வாங்கியது. வணிகமயமான ஜப்பானைக் கேலி செய்த படம் அது.

சிரிக்க வைத்த அந்தக் கைகளே, பிழைத்தவர்களின் நினைவுகளையும் ஓவியங்களையும் துணைக்கொண்டு, 1978-இல் 'பிகாடொன்' எடுத்தன. பளிச்சென்ற மின்னலும் டமாரென்ற இடியுமாக வந்த குண்டுக்கு ஹிரோஷிமா மக்கள் வைத்த பெயர் அது.

பத்து நிமிடத்துக்குள் முடியும் படம். வசனம் இல்லை. விளக்கக் குரல் இல்லை.

அந்தக் காலையைக் கொஞ்சம் மெதுவாகப் பார்ப்போம்.

காலை 7.09. ஓர் அமெரிக்க விமானம் வருகிறது. அபாயச் சங்கு ஒலிக்கிறது. அது வானிலை பார்க்க வந்த விமானம். 7.31-க்கு ஆபத்து நீங்கியது என்று சங்கு சொல்கிறது. ஜனங்கள் பதுங்கிடம் விட்டு வெளியே வருகிறார்கள். டிராம் ஓடுகிறது. அடுப்பு எரிகிறது. தீ பரவாமல் தடுக்க வீடுகளை இடித்து வெளி உண்டாக்கும் வேலைக்கு பன்னிரண்டு, பதின்மூன்று வயது பள்ளிப் பிள்ளைகள் வரிசையாகப் போகிறார்கள்.

'பிகாடொன்' தன் நேரத்தின் பெரும்பங்கை இந்தச் சாதாரணத்துக்குக் கொடுக்கிறது. ஒரு தாய் குழந்தைக்குப் பால் கொடுக்கிறாள். ஒரு சிறுவன் காகித விமானம் வைத்திருக்கிறான். கோடுகள் எளியவை, வண்ணங்கள் மென்மையானவை. சிறுவர் கதைப்புத்தகத்தைப் புரட்டுவது போலவே இருக்கும். யாரும் அவசரப்படவில்லை.

பார்க்கிற நமக்குத் தெரியும். அவர்களுக்குத் தெரியாது. வசனம் இருந்திருந்தால் அவர்கள் பேச்சைக் கேட்டு இந்தப் பயத்திலிருந்து சற்று விலகி உட்கார்ந்திருப்போம். பேச்சில்லாததால் விலக வழியில்லை.

8.15.

'எனோலா கே' விமானம் கழற்றிவிட்ட குண்டு 43 நொடி விழுந்து, ஏறக்குறைய 600 மீட்டர் உயரத்தில் வெடிக்கிறது. அதற்குள் இருந்த யுரேனியம் சுமார் 64 கிலோ. உண்மையில் பிளந்தது ஒரு கிலோவுக்கும் குறைவு. அதுவே 15,000 டன் வெடிமருந்தின் வலுவைக் கொண்டது. மையத்தில் தரையின் வெப்பம் 3,000 முதல் 4,000 டிகிரி செல்சியஸ்.

திரை வெளுக்கிறது.

பிறகு கினோஷிதா தம்பதி செய்ததைத்தான் கேமரா எந்நாளும் செய்திருக்க முடியாது. அந்த ஒரு நொடிக்குள் போகிறார்கள். சற்றுமுன் நாம் பழகிய அதே முகங்கள் ஒவ்வொன்றாக உருகுகின்றன. உயிரோடிருந்து அதைப் படமெடுத்தவர் ஒருவரும் இருக்க முடியாது. அந்தத் தொலைவில் நின்றவர் அழிந்துபோனார். கோடும் வண்ணமும் மட்டுமே அங்கே போய்வர முடியும். கதைப்புத்தகக் கோடுகளே அந்த வேலையைச் செய்வதால் அதிர்ச்சி பத்து மடங்காகிறது.

பிறகு வருவது பிழைத்தவர்கள் வரைந்து அனுப்பிய உலகம். கைகளை முன்னே நீட்டி, தோல் தொங்க, நடக்கும் ஜனங்கள்.

வீடு இடிக்கும் வேலைக்குப் போன பிள்ளைகளில் சுமார் 6,000 பேர் வீடு திரும்பவில்லை. அந்த ஆண்டு முடிவதற்குள் ஹிரோஷிமாவில் இறந்தவர்கள் ஏறக்குறைய 1,40,000.

படம் இந்த எண்களைச் சொல்லவில்லை. எண்ணைச் சொன்னால் மனம் எண்ணத் தொடங்கிவிடும். அது முகத்தைக் காட்டிவிட்டு நிற்கிறது.

● ● ●

இந்தக் கரைக்கு இதில் என்ன?

காரைக்கால் வரிச்சிக்குடியில் இருந்து இந்தத் தொடரை எழுதுகிறேன். ஜப்பான் கதையும் கனடா கதையும் நமக்கெதற்கு என்று கேட்கும் வாசகர்களுக்குச் சொல்ல வேண்டியது இருக்கிறது.

ஹிரோஷிமா ஒரு டெல்டா நகரம். ஓட்டா ஆறு பல கிளையாகப் பிரிந்து கடலில் சேரும் இடத்தில் அமைந்தது. அரசலாறும் நாட்டாறும் திருமலைராஜன் ஆறும் நம் காரைக்கால் மண்ணில் பிரிந்து போய்க் கடலைத் தொடுவது போலவே. அன்று எரிந்தவர்கள் தாகத்தில் ஓடியது அந்தக் கிளையாறுகளுக்குத்தான். தண்ணீருக்கு இறங்கியவர்களில் பலர் கரையேறவில்லை. படித்துறையில் வளர்ந்த நமக்கு அந்தக் காட்சியை விளக்கவே வேண்டாம்.

மையத்தைச் சுற்றி இரண்டு கிலோமீட்டருக்குள் ஏறக்குறைய எல்லாக் கட்டடமும் அழிந்தது. காரைக்கால் அம்மையார் கோயில் வாசலில் நின்று நாலு திசையும் இரண்டு கிலோமீட்டர் அளந்து பாருங்கள். எத்தனை தெரு, எத்தனை பள்ளி, எத்தனை பள்ளிவாசல், எத்தனை தேவாலயம் அந்த வட்டத்துக்குள் வருகிறது என்று உங்களுக்கே தெரியும். இன்று கிடங்குகளில் இருக்கும் குண்டுகளில் பல, ஹிரோஷிமா குண்டைவிடப் பல மடங்கு பெரியவை.

இன்னொன்று. 1954 நவம்பர் வரை இந்த மண் பிரெஞ்சு ஆட்சியில் இருந்தது. பிரெஞ்சுக் குடியுரிமையோடு வாழும் குடும்பங்கள் காரைக்காலில் இன்றும் உண்டு. பிரான்சு 1960-இல் சஹாராவில் தன் முதல் குண்டை வெடித்தது. பிறகு 1996 வரை சஹாராவிலும் பசிபிக் தீவுகளிலுமாக 210 சோதனைகள். ஆக, நம் ஊர்த் தெருக்களில் இரண்டு அணு ஆயுத நாடுகளின் குடிமக்கள் அடுத்தடுத்த வீட்டில் வாழ்கிறார்கள். இரண்டு நாடுகளின் கிடங்குகளும் நம் பெயரால்தான் நிரம்பியிருக்கின்றன.

2004 டிசம்பர் 26-க்குப் பிறகு இந்தக் கடலோரத்து முகாம்களில் பேச்சை இழந்திருந்த குழந்தைகளிடம் தாளும் வண்ணமும் கொடுத்தார்கள். அவர்கள் அலையை வரைந்தார்கள். தாளின் மேல்விளிம்பு வரை கருப்பாக எழுந்த அலை. ஹிரோஷிமாவின் முதியவர்கள் முப்பது ஆண்டு கழித்துச் செய்ததை நம் பிள்ளைகள் சில வாரங்களில் செய்தார்கள். சொல்ல முடியாததை வரைய முடியும் என்பதற்கு நமக்கு வேறு ஆதாரம் வேண்டாம்.

ஒரு வித்தியாசம் மட்டும் உண்டு. அலையை எந்த மனிதனும் முடிவெடுத்து அனுப்பவில்லை. குண்டை அனுப்ப முடிவு எடுத்தாக வேண்டும். கையெழுத்து வேண்டும். நேரம் குறிக்க வேண்டும். அதனால்தான் அதைத் தடுக்கவும் முடியும்.

அந்தக் கையெழுத்துக்கு முன்னால் ஒவ்வொரு முறையும் ஒரு விளக்கம் தயாராக இருக்கும்: தற்காப்பு, சமநிலை, அமைதி. ஈஷு படேலின் மணிகளும் கினோஷிதா தம்பதியின் முகங்களும் அந்த விளக்கங்களைக் கேட்க மறுத்தவை. அதுவே இந்தச் சொல்லற்ற படங்களின் பெருமை என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

● ● ●

அடுத்த வாரம்

'பிகாடொன்' முடிந்தது. ஆனால் ரென்ஸோவும் சாயோக்கோவும் அத்துடன் நிற்க விரும்பவில்லை. டோக்கியோவில் வரைந்து உலகுக்கு அனுப்பினால் போதாது என்று கருதினார்கள். உலகத்து அனிமேஷன் கலைஞர்களை ஹிரோஷிமாவுக்கே வரவழைக்க வேண்டும், அந்த ஆற்றங்கரையில் நின்று அவர்கள் படம் பார்க்க வேண்டும் என்று கனவு கண்டார்கள்.

கேட்பதற்கு நல்ல கனவு. ஆனால் அந்த நகரம் ஒவ்வோர் ஆகஸ்டிலும் துக்கம் அனுசரிக்கும் நகரம். தங்கள் பிள்ளைகளின் சாம்பலைக்கூடப் பெறாத தாய்மார் அங்கே உயிரோடிருந்தார்கள். அனிமேஷன் என்றால் பெரும்பாலோருக்கு நினைவு வந்தது பூனையும் எலியும் துரத்தி விளையாடும் படம்.

வாசகர்களே, 'பீட் கேம்', 'பிகாடொன்' இரண்டையும் தேடிப் பாருங்கள். 'பிகாடொ'னை முதலில் பெரியவர்கள் மட்டும் பாருங்கள். வீட்டுப் பிள்ளைகளுக்கு எந்த வயதில் காட்டலாம் என்று பிறகு நீங்களே முடிவெடுங்கள். பார்த்தபின் உங்களையே இதைக் கேட்டுக்கொள்ளுங்கள்: நீங்கள் அந்த ஊர்த் தாயாக இருந்தால், பொம்மைப்படக்காரர்களின் திருவிழா ஒன்று உங்கள் ஊருக்கு வரச் சம்மதித்திருப்பீர்களா?

(தொடரும்)